இரண்டு இலக்கம், ஒரு கணினி: மைக்ரோசிப்பா, லின்போனா?

கிளிநொச்சியில் கடை, மறுமுனையில் லண்டன் வாடிக்கையாளர். உள்ளூர் இலக்கம் ஒன்று, லண்டன் இலக்கம் ஒன்று, இரண்டும் எஸ்.ஐ.பி (இணையம் வழியே தொலைபேசி அழைப்பு நடத்தும் முறை) கணக்குகள். மைக்ரோசிப், லின்போன் என்ற இரண்டு அழைப்பு மென்பொருள்களில் எதில் போடுவது?

மைக்ரோசிப் விண்டோஸில் மட்டும் ஓடும். மிகச் சிறியது, பழைய கணினிக்கும் பாரமில்லை. கணக்குகள் பலவற்றைச் சேமிக்கலாம். ஆனால் ஒரு நேரத்தில் ஒன்றுதான் உயிரோடிருக்கும். உள்ளூர் கணக்கில் நிற்கும்போது லண்டன் அழைப்பு வந்தால் மணியே அடிக்காது. நிறுவாமல் ஓடும் பதிப்பை இரண்டு கோப்புறைகளில் வைத்துத் தனித்தனியே திறப்பது வழக்கமான தந்திரம். இரண்டிலும் ஒரே போர்ட்டை, அதாவது தரவு வந்துபோகும் வாயில் எண்ணை, குறித்துவிட்டால் மோதிக்கொள்ளும்.

லின்போன் விண்டோஸ், மேக், லினக்ஸ் மூன்றிலும் ஓடும். கணக்குகள் எல்லாம் ஒரே நேரத்தில் பதிவாகி நிற்கும், எதற்கு அழைப்பு வந்தாலும் மணியடிக்கும். வெளியழைப்பு போவது முதன்மைக் கணக்கில். அதைக் கவனிக்காமல் வவுனியாவுக்கு அழைத்தால் லண்டன் இலக்கத்தில் போய், வெளிநாட்டுக் கட்டணம் விழும்.

வன்னியில் பலரும் சிம் போட்ட 4ஜி றவுட்டரில்தான் இருக்கிறார்கள். அதில் சும்மா இருக்கும் இணைப்பு சீக்கிரம் மூடப்படும். பதிவு பச்சையாகத் தெரியும், அழைப்பு வராது. இணைப்பு மூடாதிருக்க மென்பொருள் இடைக்கிடை அனுப்பும் உயிர்ப்புச் செய்தியின் (கீப்-அலைவ்) இடைவெளியை 15 முதல் 30 விநாடியாக வையுங்கள். ஒருபக்கக் குரல் மட்டும் கேட்டால் றவுட்டரில் அழைப்புத் தகவலை இடையில் மாற்றும் எஸ்.ஐ.பி ஏ.எல்.ஜி என்ற வசதியை நிறுத்துங்கள். குரலைத் தரவாக்கும் முறைகளில் ஜி.711 ஒரு திசைக்கு விநாடிக்கு ஏறத்தாழ 87 கிலோபிட் கேட்கும். சிக்னல் மெலிந்த இடத்தில் சேவை வழங்குநர் ஏற்றால் குறைந்த தரவில் ஓடும் ஓபஸ் முறை நல்லது.

வெளியே அழைப்பது மட்டுமே வேலையென்றால் மைக்ரோசிப் போதும். இரண்டு இலக்கத்திலும் அழைப்பு வரவேண்டுமென்றால் லின்போன்தான்.