கோபால்ட் ப்ளூ டரண்டுலா: சில வருஷம் வளர்த்த பிறகு எழுதுவது

நெட்டில் படத்தைப் பார்த்து இந்தச் சிலந்திமேல் ஆசைப்பட்டவர்களுக்கு முதலிலேயே ஒன்று. காசு கொடுப்பது நீலச் சிலந்திக்கு. வீட்டுக்கு வந்து சேர்வது ஒரு பெட்டி மண்ணும் அதில் ஒரு ஓட்டையும். ஆறேழு வருஷமாக லண்டனில் என் அறை அலமாரியில் ஒரு பெண் கோபால்ட் ப்ளூ இருக்கிறது. "காலி டப்பாவுக்கா ஹீட்டர் போட்டு வச்சிருக்கே?" என்று கேட்டுவிட்டுப் போன சொந்தக்காரர்கள்தான் அதிகம்.

தாய்லாந்து, மியான்மர் காடுகளில் ஆழமாகக் குழி தோண்டி வாழும் இனம். 1996இல் ஆண்ட்ரூ ஸ்மித் என்பவர் ஹாப்லோபெல்மா லிவிடம் என்று பெயர் வைத்தார். பிறகு அது சிரியோபாகோபஸ் லிவிடஸ் என்று மாறியது. விற்பவர்கள் பலர் இன்னும் பழைய பெயரையே போடுகிறார்கள், குழம்ப வேண்டாம். வளர்ந்தது காலை விரித்து நின்றால் குறுக்கே 13 செ.மீ. வரும்.

வளர்ப்பில் எல்லாமே மண்ணின் ஆழம்தான். பெட்டியின் அகலத்தைவிட உயரத்தைப் பாருங்கள். வளர்ந்த பெண்ணுக்குக் குறைந்தது 25 செ.மீ. மண் வேண்டும். நான் போட்டது தோட்டத்து மண்ணும் தென்னை நார்க்கழிவும் கலந்தது. (இங்கே கடையில் கிடைத்த நார்க்கழிவுக் கட்டி இலங்கையிலிருந்து வந்தது. தாய்லாந்துச் சிலந்திக்கு இலங்கைத் தென்னையில் வீடு!) கலவையைப் பிடித்தால் உருண்டையாக நிற்க வேண்டும், ஆனால் தண்ணீர் சொட்டக் கூடாது. அடுக்கடுக்காகப் போட்டுக் கையால் நன்றாக அழுத்தி, ஓரமாக ஒரு கட்டைவிரல் அளவு குழி மட்டும் நாம் தொடங்கிக் கொடுத்தால் போதும். மிச்சத்தை அது பார்த்துக்கொள்ளும். ராத்திரியில் மண்ணை உருட்டி வாயருகே அணைத்துப் பிடித்து மேலே கொண்டுவந்து போட்டுவிட்டு, பின்னாலேயே நகர்ந்து உள்ளே இறங்கும். குழிவாயைச் சுற்றி வெள்ளை நூல் விரிப்பு. என் அதிர்ஷ்டம், கண்ணாடிச் சுவரை ஒட்டியே சுரங்கம் வெட்டியது. வெளியே கண்ணாடியில் மறைப்பாக வைத்த கறுப்புத் தாளை விலக்கினால் ஆள் தெரியும்.

குளிர்காலத்துக்கு ஹீட் மேட் (மின்சாரத்தில் சூடாகும் விரிப்பு) வைப்பவர்கள் அதைப் பெட்டிக்கு அடியில் வைக்காதீர்கள். சூடு அதிகமானால் இந்த ஜாதி கீழேதான் இறங்கும். கீழே சூடு இருந்தால் தப்பிக்கப் போய் இன்னும் மாட்டிக்கொள்ளும். பக்கச் சுவரில், சூட்டை அளவாக வைக்கும் தெர்மோஸ்டாட்டோடு வையுங்கள். 24 முதல் 27 டிகிரி செல்சியஸ் போதும்.

குணம்? அமெரிக்க டரண்டுலாக்கள் பலவும் முதுகு ரோமத்தை உதறி எதிரியை விரட்டும். இதனிடம் அந்த ரோமம் கிடையாது, பல்தான் ஆயுதம். தண்ணீர்க் கிண்ணத்தை எடுக்க நீள இடுக்கியை விட்டால், முன்கால்களைத் தூக்கி நின்று, எஃகில் 'டிக்'கென்று சத்தம் வர அடிக்கும். கடித்தால் யாரும் செத்ததாகப் பதிவில்லை. ஆனால் கடும் வலியும் தசைப்பிடிப்பும் உண்டு, விஷமுறிவு மருந்து கிடையாது. கையில் ஏற்றி விளையாடும் வேலையே வேண்டாம். அதே சமயம், கோபக்காரச் சிலந்தி என்று இதற்குக் கிடைத்த பெயரில் பாதி, ஆழமில்லாத டப்பாவில் அடைத்து வைத்தவர்கள் வாங்கிக் கொடுத்தது. ஓடி ஒளியக் குழி இருந்தால் பெரும்பாலும் ஓடித்தான் ஒளிகிறது.

இனி நிறம். சாதாரண அறை வெளிச்சத்தில் கறுப்பு மாதிரிதான் இருக்கும். எல்இடி டார்ச்சைச் சாய்த்து அடித்தால் கால்கள் மட்டும் பளீரென்று நீலமாக எரியும், உடம்பு சாம்பல்தான். இது சாயத்தால் வரும் நீலம் அல்ல. ரோமத்துக்குள் இருக்கும் நுண்ணிய அமைப்பு நீல ஒளியை மட்டும் திருப்பி அனுப்புகிறது. டரண்டுலா வம்சத்தில் இப்படி நீலம் தனித்தனியாக எட்டு முறையாவது தோன்றியிருக்கிறது என்று 2015இல் ஓர் ஆய்வு சொன்னது. யாருக்காக இந்த நீலம் என்பதற்குத்தான் இன்னும் முடிவான பதில் இல்லை.

சட்டை உரித்த புதிதில் நிறம் உச்சத்தில் இருக்கும். அதற்கு முன்னால் குழிவாயை மண்ணாலும் நூலாலும் அடைத்துக்கொண்டு வாரக்கணக்கில், சில சமயம் மாதக்கணக்கில் சாப்பிடாது. செத்துவிட்டதோ என்று தோண்டிப் பார்க்கத் துடிப்பீர்கள். தோண்டாதீர்கள். உரித்த உடனே பல் வெள்ளையாக, மெத்தென்று இருக்கும். சிவந்து, கறுத்த பிறகுதான் இரை போட வேண்டும்.

செலவு என்று பெரிதாக இல்லை. வாரத்துக்கோ பத்து நாளைக்கோ ஒரு கரப்பானோ வெட்டுக்கிளியோ, கிண்ணத்தில் தண்ணீர், மண்ணின் ஒரு மூலையில் அவ்வப்போது ஈரம். பூஞ்சையைத் தின்ன மண்ணில் ஸ்பிரிங்டெயில் பூச்சிகளை விட்டிருக்கிறேன், அருமையாக வேலை செய்கின்றன. நாற்றமில்லை, சத்தமில்லை. இரண்டு வாரம் ஊருக்குப் போனாலும் கிண்ணம் நிறைந்திருந்தால் கவலையில்லை.

முதல் டரண்டுலாவாக இதை வாங்கச் சொல்ல மாட்டேன். வாங்குவதானால் காட்டில் பிடித்ததா, வளர்ப்பில் பிறந்ததா என்று கேளுங்கள். பெண்தான் என்று சொன்னால் அது உரித்த சட்டையைக் காட்டச் சொல்லுங்கள், உட்புறத்தை வைத்து உறுதிப்படுத்தலாம். ஆண் வயதுக்கு வந்ததும் நீலம் போய்ப் பழுப்பாகி, கொஞ்ச காலத்தில் போய்ச்சேர்ந்துவிடும். நீலம் தினமும் கண்ணில் பட வேண்டும் என்பவர்கள் வெனிசுவேலாவின் கிரீன்பாட்டில் ப்ளூ டரண்டுலாவை வாங்கலாம். அது குழிக்குள் கிடக்காது, வலைமேல் வெளியே உட்கார்ந்திருக்கும்.