வால்பாறை பஸ்ஸும் ஒரு சின்ன மாத்திரையும்

பொள்ளாச்சியிலிருந்து வால்பாறை போகிற ரோட்டில் 40 கொண்டை ஊசி வளைவுகள். திங்கள் விடிகாலை ஏறி வெள்ளி சாயங்காலம் இறங்குகிறேன். அங்கே ஒரு பள்ளியில் அறிவியல் டீச்சர் வேலை. எனக்குச் சின்ன வயதிலிருந்தே பஸ் ஒத்துக்கொள்ளாது. பழனிக்குப் போகிற நேர் ரோட்டிலேயே வாந்தி எடுத்தவள் நான். வேலைக்கு ஆர்டர் வந்தபோது வீட்டில் எல்லோரும் சந்தோஷமாக இருந்தார்கள். எனக்கு மலை ஏற்றம் தொடங்குகிற ஆழியாறு தாண்டினால் என்ன ஆகும் என்பதுதான் நினைப்பு.

முதல் இரண்டு மாதம் பட்டது போதும். எலுமிச்சம்பழம் முகர்ந்தேன். அம்மிச்சி கட்டிக்கொடுத்த இஞ்சி மரப்பாவை வாயில் அடக்கிக்கொண்டேன். அது தொண்டைக்கு இதம், லேசான குமட்டலை அடக்கும், ஒன்பதாவது வளைவுக்கு மேல் தாங்காது. மணிக்கட்டில் மாட்டிக்கொள்கிற பட்டை ஒன்று வாங்கினேன், எனக்கு ஒரு பலனும் தெரியவில்லை. கடைசியில் அரசு ஆஸ்பத்திரி டாக்டர் ஒருவர் சீட்டில் எழுதிக் கொடுத்த மாத்திரைதான் என்னை இந்த வேலையில் நிறுத்தியது. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

புரோமெத்தசின் தியோக்ளேட், 25 மில்லிகிராம். கம்பெனிப் பெயர் எதுவாக இருந்தாலும் அட்டையின் பின்னால் இந்தப் பெயர் இருக்கும். ஒரு மாத்திரையின் விலை ஒரு டீக்கும் குறைவு.

முதல் தடவை நான் செய்தது தப்பு. குமட்ட ஆரம்பித்தால் போட்டுக்கொள்ளலாம் என்று பையிலேயே வைத்திருந்தேன். குரங்கு அருவி தாண்டி வாயில் எச்சில் ஊறத் தொடங்கியதும் முழுங்கினேன். ஒன்பதாவது வளைவில் வண்டி ஓரமாக நின்றபோது மாத்திரையும் சேர்ந்து வெளியே வந்துவிட்டது. மறுவாரம் டாக்டரிடம் சொன்னேன். குமட்டல் தொடங்கிவிட்டால் இரைப்பை தன் வேலையை ஏறக்குறைய நிறுத்திவிடும், உள்ளே போன மாத்திரை குடலுக்கு இறங்காமல் அங்கேயே கிடக்கும் என்றார். அதனால் பஸ் ஏறுவதற்கு ஒன்று இரண்டு மணி நேரம் முன்னாலேயே போட வேண்டும். விடிகாலைப் பயணம் என்றால் முந்தின ராத்திரி படுக்கும்போதே போட்டுவிடலாம். ராத்திரி போட்டது காலையிலும் நிற்கிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை ராத்திரி போட்டுக்கொண்டு, காலையில் இரண்டு இட்லி மட்டும் சாப்பிட்டு ஏறினேன். 40 வளைவும் போனது, ஒன்றும் ஆகவில்லை. ஒன்பதாவது வளைவில் நின்றுகொண்டிருந்த வரையாடுகளை அன்றைக்குத்தான் முதன்முதலாகத் தலை நிமிர்ந்து பார்த்தேன். இரண்டு மாதமாக அந்த வழியில் போய்க்கொண்டிருந்தேன், அவை அங்கே நிற்பது எனக்குத் தெரியாது.

குறை என்றால் தூக்கம்தான். நல்ல தூக்கம் வரும், நாக்கு வறண்டு போகும். காலையில் போட்ட நாட்களில் கண்டக்டர் தட்டி எழுப்பித்தான் வால்பாறையில் இறங்கியிருக்கிறேன். முதல் பீரியட் பாடம் எடுக்கச் சிரமமாக இருந்தது. ராத்திரி போட ஆரம்பித்த பிறகு அது பாதியாகக் குறைந்தது. ஐந்துக்கு நான்கு கொடுப்பேன், ஒன்று குறைவது தூக்கத்துக்காக. இதைப் போட்டுக்கொண்டு வண்டி ஓட்டவே கூடாது. இரண்டு வயதுக்குள் உள்ள குழந்தைகளுக்குக் கொடுக்கக் கூடாது. கண்ணில் அழுத்தம், மூச்சுத் தொந்தரவு, சிறுநீர் போவதில் சிரமம் உள்ளவர்கள் டாக்டரிடம் கேட்காமல் தொடக் கூடாது.

இதே புரோமெத்தசினைத்தான் விண்வெளியில் குமட்டுகிற வீரர்களுக்கு நாசாவில் ஊசியாகப் போடுகிறார்கள். இதைப் படித்த அன்று எனக்கு என் மேல் இருந்த வெட்கம் போனது. அங்கேயும் இரைப்பை நின்றுபோனால் மாத்திரை வேலை செய்யாது, அதனால்தான் ஊசி.

நம் காதுக்குள் இரண்டு ஏற்பாடு இருக்கிறது. தலை சுழல்வதைச் சொல்ல மூன்று அரைவட்டக் குழாய்கள். கீழே எது, மேலே எது என்று சொல்ல, கூழின் மேல் உட்கார்ந்திருக்கும் சுண்ணாம்புத் துகள்கள். பஸ்ஸுக்குள் முன் சீட்டின் முதுகையோ போனையோ பார்த்துக்கொண்டிருந்தால் கண் "நிற்கிறோம்" என்கிறது, காது "திரும்புகிறோம்" என்கிறது. இரண்டு சாட்சியும் ஒத்துப்போகாதபோது குமட்டுகிறது. டிரைவருக்கு வருவதில்லை, ஏனென்றால் அடுத்த வளைவு எந்தப் பக்கம் என்று அவருக்கு முன்னாலேயே தெரியும். "டீச்சர், முன்னால வந்து உக்காருங்க, ரோட்டப் பாருங்க" என்று எங்கள் கண்டக்டர் சொல்வது முழுக்க முழுக்க விஞ்ஞானம். விண்வெளிக்குப் போனால் எடை இல்லை. சுண்ணாம்புத் துகள்களுக்குக் கீழே என்று ஒரு பக்கமே இல்லாமல் போகிறது, குழாய்கள் மட்டும் வழக்கம்போலச் சொல்லிக்கொண்டிருக்கின்றன. பக்கத்தில் ஒருவர் தலைகீழாக மிதந்து வந்தாலே வயிறு புரளும்.

விண்வெளிக்கு முதன்முதலில் போன ககாரின் 108 நிமிடத்தில் இறங்கிவிட்டார். 1961 ஆகஸ்டில் ஒரு நாளுக்கு மேல் பூமியைச் சுற்றிய சோவியத் வீரர் கெர்மன் திதோவ்தான் விண்வெளியில் முதலில் வாந்தி எடுத்தவர். அப்போது அவருக்கு 25 வயது. 1969 மார்ச்சில் அப்பல்லோ 9 பயணத்தில் அமெரிக்க வீரர் ரஸ்டி ஷ்வைக்கர்ட்டுக்கு வாந்தி வந்து, கலத்துக்கு வெளியே போகிற விண்நடையையே சுருக்க வேண்டியதாயிற்று. ஹெல்மெட்டுக்குள் வாந்தி எடுத்தால் மூச்சே அடைத்துவிடும். 1984-ல் போன நம் ராகேஷ் சர்மா இதற்கெல்லாம் உதவுமா என்று அங்கே யோகா செய்து பார்த்தார். 2025 ஜூனில் போன சுபான்ஷு சுக்லா, போன புதிதில் உடம்பு சரியாக இல்லை என்று தாமே சொன்னார். பாதிக்கு மேற்பட்ட வீரர்களுக்கு இது வருகிறது, இரண்டு மூன்று நாளில் மூளை பழகிக்கொள்கிறது.

இதையெல்லாம் நான் வகுப்பில் சொல்லக் காரணம் ஒரு எட்டாம் வகுப்புப் பெண். கோவையில் கொடிசியா பக்கம் இருக்கிற மண்டல அறிவியல் மையத்துக்குப் பிள்ளைகளை அழைத்துப்போக ஏற்பாடு செய்தோம். "நான் வரலைங்க டீச்சர்" என்றாள். முந்தின வருடம் பஸ்ஸில் வாந்தி எடுத்தபோது மற்ற பிள்ளைகள் மூக்கைப் பிடித்துக்கொண்டு சிரித்திருக்கிறார்கள். கூப்பிட்டுக் கேட்டால் அவள் அம்மாவும் "அவளுக்கு பஸ்ஸு ஒத்துக்காதுங்க டீச்சர், வுட்டுருங்க" என்றார். 1985-ல் விண்ணுக்குப் போன அமெரிக்க செனட்டர் ஜேக் கார்னையும் இப்படித்தான் கேலி செய்தார்கள். இந்த நோயை ஆராய்வதற்காகத் தன் உடம்பைக் கொடுத்தவர் அவர். அங்கே மிகவும் கஷ்டப்பட்டார், அதற்குப் பிறகு குமட்டலை அளக்க அவர் பெயரையே வேடிக்கையாக ஓர் அளவாக வைத்துக்கொண்டார்கள். எனக்கு அதைப் படித்தால் கோபம்தான் வருகிறது.

திதோவ் கதையைச் சொன்ன அன்று வகுப்பில் யாரும் சிரிக்கவில்லை. ஒரு பையன் மட்டும், "அந்த ஊசி போட்டா அவங்களுக்கு எல்லாம் சரியாயிருமா டீச்சர்?" என்று கேட்டான். ஆகாது என்றேன். குமட்டல் மூன்று நாளில் போய்விடும். ஆனால் ரத்தமும் நீரும் மேலே ஏறி முகம் உப்பும், கால் மெலியும், சிலருக்குப் பார்வை மங்கும். இடுப்பெலும்பு மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு சதவீதம் கரையும். அதற்கு மாத்திரை போதாது, தினமும் இரண்டு மணி நேரம் உடற்பயிற்சி செய்தாக வேண்டும். எட்டு நாளைக்கென்று போய் 286 நாள் இருந்துவிட்டு வந்த சுனிதா வில்லியம்ஸை 2025 மார்ச்சில் இறங்கியதும் ஸ்ட்ரெச்சரில் கொண்டுபோன படம் அவர்கள் எல்லோருக்கும் நினைவிருந்தது.

அந்தப் பெண்ணை அவள் அம்மாவோடு டாக்டரிடம் அனுப்பினேன். பிள்ளைகளுக்கு அளவு வேறு, அதை அவர்தான் சொல்ல வேண்டும். போகிற அன்று அவளை முன் சீட்டில் ஜன்னலோரம் உட்கார வைத்தேன். அட்டகட்டி வரைக்கும் கையைப் பிடித்துக்கொண்டே வந்தாள். அதற்கு அப்புறம் தூங்கிவிட்டாள். ஆழியாறு அணை தெரிந்ததும் நான்தான் எழுப்பினேன்.