வாஷிங்டனின் உரைகளைப் படிக்க ஃபவுண்டர்ஸ் ஆன்லைன்: ஒரு பயனர் மதிப்புரை

1789 ஏப்ரல் 30 அன்று நியூயார்க்கில் ஜார்ஜ் வாஷிங்டன் அமெரிக்காவின் முதல் அதிபராகப் பதவியேற்று உரையாற்றினார். அந்த உரையை எழுதிக் கொடுத்தவர் ஜேம்ஸ் மேடிசன். உரைக்கு மறுமொழியாகப் பிரதிநிதிகள் சபை ஒரு வாழ்த்துரை தர முடிவு செய்தது. சபை உறுப்பினர் என்ற முறையில் அதை எழுதியவரும் மேடிசன்தான். மே 5 அன்று வாஷிங்டன் அவருக்கே கடிதம் போடுகிறார்: வேலையைத் தொடங்கி வைத்தவர் நீங்கள், சபைக்கு நான் தர வேண்டிய சிறு பதிலையும் நீங்களே எழுதி முடித்துவிடுங்கள் என்று. அதிபர் பேசியது, சபை வாழ்த்தியது, அதிபர் நன்றி சொன்னது எல்லாமே ஒரே பேனாவிலிருந்து வந்தவை.

பதவியேற்பு உரையை மட்டும் எடுத்துப் படிப்பவருக்கு இதெல்லாம் தெரிய வழியில்லை. உரை, அதன் வரைவு, அதைப் பற்றிய கடிதங்கள், அதே வாரத்தில் எழுதப்பட்ட மற்றவை என எல்லாவற்றையும் சேர்த்துப் படிக்க இன்று கிடைக்கும் மிகச் சிறந்த இலவச வசதி ஃபவுண்டர்ஸ் ஆன்லைன். அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகம் வர்ஜீனியா பல்கலைக்கழக அச்சகத்துடன் சேர்ந்து 2013-இல் தொடங்கிய இணையதளம் இது. அமெரிக்காவை நிறுவிய தலைவர்களான வாஷிங்டன், ஃப்ராங்க்ளின், ஆடம்ஸ், ஹாமில்டன், ஜெஃபர்சன், மேடிசன் ஆகியோரின் தாள்கள், அதாவது அவர்களின் கடிதங்களும் பிற எழுத்துகளும் இருக்கின்றன. ஜான் ஜேயின் தாள்கள் பிறகு சேர்ந்தன. மொத்தம் 1,80,000-க்கும் மேற்பட்ட ஆவணங்கள். கணக்குத் தொடங்க வேண்டாம், சந்தா கிடையாது, விளம்பரமும் இல்லை. பழைய புத்தகங்களை ஸ்கேன் செய்து எழுத்துப் பிழைகளோடு ஏற்றிய தளம் என்று நினைத்துவிட வேண்டாம். பதிப்பாசிரியர்கள் பல பத்தாண்டுகளாகக் கையெழுத்துப் படிகளோடு ஒப்பிட்டு அச்சிட்ட தொகுதிகள் அடிக்குறிப்போடு அப்படியே இதில் ஏறியிருக்கின்றன.

முதல் சிக்கல் முகப்பிலேயே வந்துவிடும். உரைகளுக்கென்று தனி அலமாரி இங்கே இல்லை. ஆவணங்கள் தேதி வரிசையில் இருப்பதால் புகழ்பெற்ற உரையும், தோட்ட மேலாளருக்கு விதை பற்றி எழுதிய கடிதமும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும். என்ன தேடுகிறோம் என்று தேதியோடு தெரிந்துகொண்டு போக வேண்டும். வாஷிங்டனைப் பொறுத்தவரை முக்கியமான தேதிகள் இவை: பிரிட்டனுக்கு எதிரான விடுதலைப் போரில் படைத்தலைமையை ஏற்று, சம்பளம் வேண்டாம் என்று அன்றைய குடியேற்றங்களின் மாமன்றத்தில் சொன்னது 1775 ஜூன் 16. நியூபர்க்கில் அதிருப்தியில் இருந்த படை அதிகாரிகளிடம் பேசியது 1783 மார்ச் 15. அனாபொலிஸில் படைப் பதவியைத் திருப்பிக் கொடுத்தது 1783 டிசம்பர் 23. முதல் பதவியேற்பு மேலே சொன்னது. இரண்டாவது பதவியேற்பு 1793 மார்ச் 4, ஃபிலடெல்ஃபியாவில். 135 சொற்கள்தான், அமெரிக்க அதிபர்களின் பதவியேற்பு உரைகளிலேயே மிகச் சிறியது. நாடாளுமன்றத்தில் நேரில் வாசித்த ஆண்டுச் செய்திகள் 1790 ஜனவரி 8-இல் தொடங்கி 1796 டிசம்பர் 7 வரை எட்டு. விடைபெறும் உரை 1796 செப்டம்பர் 19.

தேடும் முறை எளிது. ஆசிரியர் பெயரைக் குடும்பப் பெயர் முதலில் வருமாறு கொடுக்க வேண்டும்: வாஷிங்டன், பிறகு காற்புள்ளி, பிறகு ஜார்ஜ். காலப்பகுதி வடிகட்டியில் வாஷிங்டன் ஆட்சிக்காலத்தைத் தேர்ந்தெடுக்கலாம். அதைவிட, தொடக்க தேதியும் முடிவு தேதியும் கொடுத்துவிடுவதே துல்லியம். உரை நாளுக்கு முன்னும் பின்னும் மூன்று வாரம் விட்டு, ஆசிரியர் வடிகட்டியை எடுத்துவிட்டு, முடிவுகளைத் தேதி வரிசையில் வைத்தால் அந்த உரையைச் சுற்றி யார் யாருக்கு என்ன எழுதினார்கள் என்பது வரிசையாக வந்து நிற்கும். ஆசிரியர் வடிகட்டியை எடுப்பதுதான் இதில் முக்கியம். மேடிசனும் ஹாமில்டனும் எழுதியவை அவரவர் தாள்களின் கீழேதான் இருக்கும். வாஷிங்டன் பெயரை மட்டும் வைத்துத் தேடினால் பாதிக் கதை கைக்கு வராது.

விடைபெறும் உரையை இப்படிப் படித்தால் வித்தியாசம் உடனே புரியும். முதல் ஆட்சிக்காலம் முடியும் முன்பே விலகிவிட நினைத்து 1792 மே 20 அன்று வாஷிங்டன் மேடிசனிடம் ஒரு வரைவு கேட்கிறார். ஜூன் 20 அன்று மேடிசன் அனுப்புகிறார். விலகல் தள்ளிப்போகிறது. நான்கு ஆண்டு கழித்து, 1796 மே 15 அன்று, மேடிசனின் அந்தப் பகுதிகளோடு தான் எழுதியதையும் சேர்த்து, முன்பு தன் நிதியமைச்சராக இருந்த ஹாமில்டனுக்கு அனுப்புகிறார். இதற்குள் மேடிசன் எதிரணிக்குப் போய்விட்டார் என்பதை மனதில் வைத்துப் படிக்க வேண்டும். ஜூலை 30 அன்று ஹாமில்டன் பெரிய வரைவைத் திருப்பி அனுப்புகிறார். இந்த நான்கையும் வரிசையாகத் திறந்து வைத்துக்கொண்டு கடைசிப் படியைப் படித்தால் எந்தக் கருத்து யாரிடமிருந்து வந்தது, எந்த இடத்தில் வாஷிங்டன் பிறர் சொன்னதை வெட்டித் தன் வாக்கியத்தைப் போட்டார் என்பது தெரியும். ஹாமில்டன்தான் எழுதினார் என்று ஒரே வரியில் முடித்துவிடுபவர்கள் இந்தத் தாள்களைப் பார்க்காதவர்கள்.

இன்னொன்று: இது மேடையில் பேசப்பட்ட உரையே இல்லை. ஃபிலடெல்ஃபியாவில் டேவிட் க்ளேபூல் நடத்திய நாளிதழில் அச்சானது. செனட் சபையில் 1896 முதல் ஆண்டுதோறும் உறுப்பினர் ஒருவர் இதை வாசித்து வருகிறார். ஆறாயிரம் சொற்களுக்கு மேல் என்பதால் நேரம் பிடிக்கும்.

அதே செப்டம்பர் மாதத்தைத் தேதிப்படி இறக்கிக்கொண்டே போனால் முதல் தேதியிட்ட ஒரு கடிதம் எதிர்ப்படும். நிதியமைச்சர் ஆலிவர் வால்காட்டுக்கு வாஷிங்டன் எழுதியது. அதிபர் மாளிகையில் மார்த்தா வாஷிங்டனுக்குப் பணிவிடை செய்த அடிமைப் பெண் ஓனா ஜட்ஜ், மே மாதம் ஃபிலடெல்ஃபியாவிலிருந்து தப்பி நியூ ஹாம்ப்ஷயரின் போர்ட்ஸ்மத்துக்குப் போய்விட்டார். அங்குள்ள சுங்க அதிகாரியைக் கொண்டு அவரைப் பிடித்துத் திருப்பி அனுப்பச் சொல்கிறது கடிதம். ஓனா கடைசிவரை திரும்பவில்லை. விடைபெறும் உரையில் சுதந்திரத்தின் மீதான பற்று பற்றி எழுதியவர், அதே மாதம் அரசு இயந்திரத்தை இதற்கும் பயன்படுத்தப் பார்த்தார். வாழ்க்கையும் உரையும் தனித்தனிப் புத்தகங்களாக இருக்கும்போது இந்த இரண்டும் ஒரே கண்ணில் படுவதில்லை. ஃபவுண்டர்ஸ் ஆன்லைனின் தேதி வரிசை எதையும் மறைக்காது. இந்தத் தளத்துக்கு முழு மதிப்பெண் கொடுக்கத் தூண்டுவது இந்த ஒரு குணம்தான். 1799 ஜூலை 9 தேதியிட்ட உயிலையும் இதோடு சேர்த்துப் படியுங்கள். அந்த ஆண்டு அவருடைய மவுண்ட் வெர்னன் பண்ணையில் இருந்த 317 அடிமைகளில் வாஷிங்டனுக்குச் சொந்தமான 123 பேரை மட்டுமே அவரால் விடுவிக்க முடிந்தது. ஓனாவைப் போன்ற மற்றவர்களில் பெரும்பாலோர் மார்த்தாவின் முதல் கணவர் குடும்பச் சொத்தாக இருந்தவர்கள்.

பேசாமல் விட்ட உரையும் இங்கே இருக்கிறது. முதல் பதவியேற்புக்கு, வாஷிங்டனின் உதவியாளர் டேவிட் ஹம்ஃப்ரீஸ் துணையோடு 73 பக்க வரைவு ஒன்று தயாரானது. மேடிசன் வேண்டாம் என்றார், கைவிடப்பட்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஜாரெட் ஸ்பார்க்ஸ் என்ற பதிப்பாளர் அதைப் பயனற்றதாக நினைத்து, கையெழுத்து சேகரிப்பவர்களுக்குத் துண்டு துண்டாக வெட்டிக் கொடுத்துவிட்டார். மிஞ்சிய துண்டுகளைப் பதிப்பாசிரியர்கள் தேடிப்பிடித்து வரிசைப்படுத்தியிருக்கிறார்கள். அதில் ஓரிடத்தில், தனக்குப் பிள்ளை இல்லை, எனவே வாரிசு ஆட்சி பற்றி யாரும் அஞ்ச வேண்டியதில்லை என்ற பொருளில் எழுதியிருக்கிறார். மன்னராட்சியிலிருந்து பிரிந்து ஆறே ஆண்டு ஆன நாட்டில் அது எவ்வளவு பெரிய கேள்வி என்று யோசித்தால், அந்த வரிகள் ஏன் எழுதப்பட்டன என்பது விளங்கும்.

இனி எங்கே தடுக்கும் என்று பார்ப்போம். பெரும்பாலானவர்கள் சறுக்குவது எழுத்துக்கூட்டில். மூலத்தில் எப்படியோ அப்படியே பதித்திருக்கிறார்கள். பப்ளிக் என்ற சொல்லின் கடைசியில் ஒரு கே கூடுதலாக இருக்கலாம். சூஸ் என்பது சி-எச்-யு-எஸ்-இ என்று வரலாம். இன்றைய எழுத்துக்கூட்டில் மட்டும் தேடிவிட்டு ஒன்றும் இல்லை என்று முடிவு கட்டக் கூடாது. நமக்குப் பழகிய பெயர் ஒன்றையே சோதித்துப் பார்க்கலாம்: திப்பு சுல்தான். 1788-இல் அவருடைய தூதர்கள் வெர்சாய் அரண்மனைக்கு வந்தபோது ஜெஃபர்சன் பிரான்சில் அமெரிக்கத் தூதராக இருந்தார். டி-ஐ-பி-யு என்று போடாமல் டி-ஐ-பி-பி-ஓ-ஓ என்று போட்டால் அந்தக் காலத்துக் கடிதங்கள் வரும். யார்க்டவுனில் வாஷிங்டனிடம் தோற்ற பிரிட்டிஷ் தளபதி கார்ன்வாலிஸ்தான் பிறகு திப்புவோடு போரிட வந்தார் என்பதால், தமிழ் வாசகர்களுக்கு இந்தத் தேடல் சுவையானது.

தேடல் அடிக்குறிப்புகளுக்குள்ளும் போகும் என்பது அடுத்த பொறி. கிடைத்த வாக்கியம் வாஷிங்டனுடையதா, இருபதாம் நூற்றாண்டுப் பதிப்பாசிரியருடையதா என்று பார்த்துவிட்டே எடுத்தாள வேண்டும்.

பெரும்பாலான ஆவணங்களின் கீழ் ஏ-எல்-எஸ், எல்-எஸ், டி-எஃப், எல்-பி என்று சுருக்கெழுத்துகள் இருக்கும். பலர் தாண்டிப் போய்விடுவார்கள். உண்மையில் இதுதான் சரக்கு. முதலாவது, தன் கையாலேயே எழுதிக் கையொப்பமிட்டது. இரண்டாவது, செயலாளர் எழுதி அவர் கையொப்பம் மட்டும் இட்டது. மூன்றாவது வரைவு. நான்காவது, அலுவலகக் கடிதப் பதிவேட்டில் இருக்கும் நகல். வரைவு யார் கையெழுத்தில் இருக்கிறது என்றும் அடிக்கடி குறித்திருப்பார்கள். உரையின் சொந்தக்காரர் யார் என்ற விவாதத்துக்கு இந்த ஒரு வரியைப் பார்க்காமல் போகக் கூடாது.

மூன்றாவது எச்சரிக்கை, முன்கூட்டி ஏற்றிய படிகள். இன்னும் பதிப்பாசிரியர் சரிபார்த்து முடிக்காத எழுத்துப்படிகளை அப்படிக் குறிப்பிட்டே ஏற்றியிருக்கிறார்கள். வாஷிங்டனின் போர்க்காலத் தாள்களில் இவை நிறைய. பக்கத்தின் இணைய முகவரியில் அவர் பெயருக்குப் பின் 99 என்று வந்தால் இந்த வகை; 05 என்று வந்தால் அதிபர் காலத்துத் தொகுதி, 02 என்றால் குடியேற்றக் காலம், 06 என்றால் ஓய்வுக் காலம். 99 வகையில் அடிக்குறிப்பு இருக்காது, சொல் தவறும் இருக்கலாம். படிக்கலாம், ஆய்வுக் கட்டுரையில் வார்த்தைக்கு வார்த்தை மேற்கோள் காட்டுவதாக இருந்தால் மூலக் கையெழுத்துப் படியோடு ஒப்பிட வேண்டும்.

அந்தக் கையெழுத்துப் படிதான் இங்கே கிடைக்காது. படங்கள் வேண்டுமென்றால் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் வாஷிங்டன் சேகரிப்புக்குப் போக வேண்டும். சுமார் 77,000 உருப்படிகள், அதுவும் இலவசம். இரண்டையும் இரு தாவல்களில் திறந்து வைத்துப் படிப்பதே சரியான முறை.

எழுத்துப்படியால் தர முடியாத இன்னொன்று, பேசிய விதம். நியூபர்க்கில் வாஷிங்டன் கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, உங்கள் பணியிலேயே தலை நரைத்தேன், இப்போது பார்வையும் மங்குகிறது என்று சொன்னதும் அதிகாரிகள் கலங்கிப்போனார்கள் என்பது கூட்டத்தில் இருந்தவர்கள் சொல்லித் தெரிந்த செய்தி. எழுதி வைத்த உரையில் அந்த வரி இல்லை. பதவியேற்பு நாளில் அவர் நடுங்கிப் படபடத்ததும் செனட்டர் வில்லியம் மக்ளேயின் நாட்குறிப்பிலிருந்து நமக்குத் தெரியும்.

உரையின் வாசகம் மட்டும் போதும் என்றால் வேறு தளங்கள் வசதியானவை. வர்ஜீனியா பல்கலைக்கழகத்தின் மில்லர் மையம் அதிபர் வாரியாக உரைகளைப் பட்டியலிட்டுத் தருகிறது, பள்ளி மாணவர்களுக்கு அதுவே நல்லது. ஆண்டுச் செய்திகளையும் பிரகடனங்களையும் மற்ற அதிபர்களோடு ஒப்பிட, கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் சாந்தா பார்பரா வளாகம் நடத்தும் அமெரிக்க அதிபர் ஆவணத் திட்டம். உரையின் வரைவுகளும் அதைச் சுற்றிய கடிதங்களும் இப்படித் தொகுத்து இரண்டிலும் கிடைக்காது.

கடைசியாக, வாட்ஸ்அப்பில் சுற்றும் வாஷிங்டன் பொன்மொழிகளைச் சோதிக்க இதைவிட நல்ல கருவி இல்லை. நீளமான வாக்கியத்தை முழுதாகப் போடாமல், அதில் அரிதான மூன்று நான்கு சொற்களை மட்டும் மேற்கோள் குறிக்குள் போடுங்கள். வராவிட்டால் எழுத்துக்கூட்டை மாற்றிப் பாருங்கள். அதன்பின் ஆசிரியர் வடிகட்டியை எடுத்துவிட்டுத் தேடுங்கள். வேறொருவர் பெயரில் கிடைக்க வாய்ப்புண்டு. பிற நாடுகளோடு சிக்கவைக்கும் கூட்டணிகள் வேண்டாம் என்று வாஷிங்டன் சொன்னதாக எத்தனையோ கட்டுரைகளில் வருகிறது. அவர் எச்சரித்தது நிரந்தரக் கூட்டணிகளைப் பற்றி. சிக்கவைக்கும் கூட்டணி என்ற தொடர் ஜெஃபர்சனின் 1801 மார்ச் 4 பதவியேற்பு உரையில் இருக்கிறது. மதவெறிக்கு ஆதரவில்லை, அடக்குமுறைக்கு உதவியில்லை என்ற புகழ்பெற்ற வரி 1790 ஆகஸ்ட் 18 அன்று நியூபோர்ட் யூதச் சபைக்கு வாஷிங்டன் எழுதிய பதிலில் நிச்சயமாக உண்டு. ஆனால் அதற்கு முந்தைய நாள் மோசஸ் செய்க்ஸஸ் கையொப்பமிட்டு அச்சபை அவருக்குத் தந்த வரவேற்பிலேயே அந்தத் தொடர் இருக்கிறது. வாஷிங்டன் அதை எடுத்துத் தன் அரசின் வாக்குறுதியாகத் திருப்பிக் கொடுத்தார். மேற்கோள் காட்டும்போது இரண்டு தேதிகளையும் சேர்த்தே போடுங்கள். ஒவ்வொரு ஆவணப் பக்கத்திலும் அதற்கான நிரந்தர இணைப்பு இருக்கிறது.