ஸ்பானியத்தை எந்த மொழியில் நின்று கற்பிப்பது?

யாழ்ப்பாணத்தில் ஒரு பிள்ளை எந்தப் பிறமொழியைப் படிப்பது என்பதைப் பெரும்பாலும் உறவுமுறையே தீர்மானித்துவிடுகிறது. பாரிசில் சித்தப்பா இருந்தால் பிரெஞ்சு, ஜேர்மனியிலோ சுவிஸிலோ மாமி இருந்தால் ஜேர்மன் என்று வீட்டிலேயே முடிவாகிவிடும். ஜேர்மனியில் வாழும் வாழ்க்கைத்துணையிடம் போய்ச் சேர விரும்புவோரிடம் அந்நாடு 2007 முதல் ஏ1 என்னும் தொடக்க நிலைத் தேர்ச்சியை எதிர்பார்ப்பதால், அம்மொழி வகுப்புகளுக்கு ஆட்குறைவு ஏற்படுவதில்லை. இவ்விரு மொழிகளும் க.பொ.த. சாதாரண தரப் பாடங்களாகவும் உள்ளன. ஸ்பானியத்துக்கு இங்கே உறவின் பிடியும் இல்லை, பரீட்சையின் பிடியும் இல்லை. ஆயினும் 20 நாடுகளில் அரச மொழியாகவும், ஏறத்தாழ 50 கோடிப் பேருக்குத் தாய்மொழியாகவும் விளங்கும் ஒரு மொழியைப் பாடசாலையிலோ கல்லூரியிலோ மாலை வகுப்பாக நடத்த யாராவது முன்வந்தால், பாடத்திட்டம் அவர்களைக் கட்டிப்போடாது என்பது ஒருவகையில் நல்லதே. எந்த மொழியில் நின்று ஸ்பானியத்தை விளக்குவது என்பதை அவர்களே தெரிவுசெய்துகொள்ளலாம். ஆங்கிலத்தின் வழியே விளக்கலாம். ஸ்பானியத்தை ஸ்பானியத்தாலேயே கற்பிக்கலாம். தமிழின் வழியே விளக்கலாம். இம்மூன்றையும் அருகருகே வைத்துப் பார்ப்பதே இங்கு என் நோக்கம்.

ஆங்கில வழிக்கு உள்ள முதற்பலம், எல்லாம் ஆயத்தமாகக் கிடைப்பது. அகராதி, இலக்கண நூல், காணொளி, கைபேசிச் செயலி என்று எதைத் தேடினாலும் ஆங்கிலத்தில் உண்டு. இரண்டாவது பலம் சொற்களஞ்சியம். இலத்தீனிலிருந்து ஆங்கிலம் கடன்பெற்ற சொற்கள் ஆயிரக்கணக்கில் ஸ்பானியத்திலும் இருப்பதால், 'ஷன்' என்று முடியும் சொல் அங்கே 'சியோன்' என்று முடியும், 'யுனிவர்சிற்றி' 'உனிபெர்சிதாத்' ஆகும் என்ற இரண்டு வாய்பாடுகளை மட்டும் அறிந்த உயர்தர மாணவர் ஒருவர் ஒரே மாலையில் சில நூறு சொற்களுக்கு உரிமையாளராகிவிடலாம். இடையிடையே பொறிகளும் உண்டு. 'எக்ஸிதோ' என்றால் வெளியேறும் வழி அன்று, வெற்றி. தான் வெட்கப்பட்டதாகச் சொல்ல எண்ணி ஆங்கிலச் சாயலில் 'எம்பராசாதா' என்று சொல்லும் பெண், தான் கர்ப்பமாக இருப்பதாகச் சபையில் அறிவித்துவிடுவார்.

ஆனால் ஆங்கிலம் சொற்களில் தரும் இலாபத்தை வாக்கிய அமைப்பில் திருப்பி எடுத்துக்கொள்கிறது. நான் ஸ்பானியத்தை ஆங்கில நூல்வழியே கற்றவன். 'மே குஸ்தா எல் மங்கோ' என்ற வாக்கியத்தை அந்நூல் ஒரு விபரீதம்போல அறிமுகப்படுத்தியது. இது தலைகீழ் வினை என்றும், விரும்புகிறவர் எழுவாயாக வரமாட்டார் என்றும், மாம்பழமே எழுவாய் என்றும் ஒரு பக்கம் முழுக்க எச்சரிக்கைகள் இருந்தன. அவற்றை ஒரு வாரம் மனனம் செய்தபின்னரே, 'எனக்கு மாம்பழம் பிடிக்கும்' என்று பிறந்ததிலிருந்து சொல்லிவரும் ஒருவனுக்கு இதில் புதுமை எதுவும் இல்லை என்பது உறைத்தது. 'மே துவேலே லா கபேஸா' என்பதும் அப்படியே: 'எனக்குத் தலை வலிக்கிறது.' மாம்பழங்கள் பலவானால் 'குஸ்தா' 'குஸ்தான்' ஆகும் என்பதைமட்டும் தனியே சொல்லிக்கொடுத்தால் போதும், ஏனெனில் நம் 'பிடிக்கும்' அவ்வாறு மாறுவதில்லை. தமிழில் ஒரு வரியில் முடியும் விளக்கம் ஆங்கிலம் சுற்றி வரும்போது ஒரு பக்கமாக நீள்கிறது.

ஸ்பானியம் கற்போர் எல்லோரையும் அலைக்கழிக்கும் 'சேர்', 'எஸ்தார்' என்ற இரு வினைகளின் கதையும் இத்தகையதே. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே வினைதான் உண்டு என்பதால் நிலையானது எது, தற்காலிகமானது எது என்ற தத்துவ விசாரணை தொடங்கிவிடுகிறது. 'நான் ஆசிரியர்' என்னும்போது தமிழுக்கு வினையே தேவைப்படுவதில்லை. ஸ்பானியத்தில் அவ்விடத்தில் 'சேர்' வரும்: 'சோய் ப்ரொஃபெசோர்.' 'நான் வீட்டில் இருக்கிறேன்', 'நான் களைப்பாக இருக்கிறேன்' என்று 'இரு' வருகிற இடங்களில் 'எஸ்தார்' வரும்: 'எஸ்தோய் என் காசா', 'எஸ்தோய் கன்சாதோ.' இந்த ஒப்புமை எல்லா இடத்திலும் பொருந்தாது என்பதை மறைக்கக்கூடாது. 'அவர் உயரமாக இருக்கிறார்' என்று நாம் சொன்னாலும் ஸ்பானியர் 'சேர்' வினையையே பயன்படுத்துவர். எனினும் வாக்கியத்தை 'அவர் உயரமானவர்' என்று மாற்றிப் பார்க்கப் பழகிய மாணவர் அந்த இடத்திலும் பெரும்பாலும் தப்பிவிடுவார்.

மரியாதை வழக்கில் ஆங்கிலத்தின் உதவி ஏறத்தாழப் பூச்சியம். 'தூ', 'உஸ்தெத்' என்ற வேறுபாட்டை நீ, நீங்கள் என்று சொன்னவுடன் ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கும் விளங்கும். நீ, நீர், நீங்கள் என்று மூன்று படிகளை வைத்திருக்கும் யாழ்ப்பாணத்தாருக்கு, ஆர்ஜென்தீனாவில் 'தூ' என்பதற்குப் பதிலாக 'போஸ்' என்கிறார்கள் என்பதும் வியப்பாக இராது, அந்தப் படிகள் நேருக்கு நேர் ஒத்துவராவிட்டாலும். வினைமுற்றே ஆளைக் காட்டிவிடுவதால் 'நான்', 'நீ' என்பவற்றை விட்டுவிடலாம் என்பதும் நமக்குப் பழகியதே.

ஒலிப்பில் தமிழின் கை இன்னும் ஓங்கியிருக்கிறது. ஸ்பானியத்துக்கு உயிரொலி ஐந்தே: அ, எ, இ, ஒ, உ. 'ஞ' அவர்களிடம் தனி எழுத்தாகவே உண்டு. தகர ஒலி நம்முடையதைப்போலப் பல்லில் நாக்குப் பட்டே பிறக்கிறது. ஆங்கில வழியே வரும் பிள்ளை இங்கேதான் வழுக்குகிறது. ரிக்கற், ரயர், ரொறன்ரோ என்று எழுதும் நம் வழக்கம் ஆங்கில ஒலி நுனிநாக்கில் பிறப்பதை நுட்பமாகக் கேட்டு எழுந்த வழக்கம். அதே காதுடன் ஸ்பானியத் தக்காளியை அணுகினால் 'தொமாத்தே' என்பது 'ரொமாற்றே' ஆகிவிடும். இதைவிட அழகான ஒற்றுமை ஒன்று உண்டு. தமிழில் 'பந்து' என்பதிலுள்ள தகரம் அழுத்தமாகவும் 'பாதை' என்பதிலுள்ள தகரம் நாக்கு இலேசாகத் தொட்டுச் செல்வதாகவும் ஒலிக்கின்றன. ஸ்பானியத்திலும் மெல்லினத்தின் பின் வரும் 'தோந்தே' அழுத்தமாகவும், உயிர்களுக்கிடையே வரும் 'தேதோ' மென்மையாகவும் ஒலிக்கும். ஆங்கில நூல்கள் ஒலியியற் குறியீடுகளைக் கொண்டு விளக்கும் இவ்விதியை நம் பிள்ளைகள் அறியாமலேயே கடைப்பிடிப்பார்கள். 'பெரோ' என்றால் 'ஆனால்', 'பெர்ரோ' என்றால் நாய். ரகர றகர வேறுபாட்டுக்காகத் தமிழ் ஆசிரியரிடம் குட்டு வாங்கியவர்களுக்கு இதன் அருமை தெரியும். 'தம்பியேன்' என்ற சொல் வரும்போது வகுப்பு ஒருமுறை சிரிக்கும். அதன் பொருள் 'கூட' என்பதுதான்.

சொற்களிலும் தமிழ் வெறுங்கையோடு நிற்கவில்லை. 1619இல் யாழ்ப்பாண அரசு போர்த்துக்கேயரிடம் வீழ்ந்தது. போர்த்துக்கல்லும் ஸ்பெயினும் அப்போது ஒரே மன்னனின் கீழ் இருந்தன என்பது வேறு கதை. அவர்கள் விட்டுச்சென்ற சொற்கள் இன்றும் நம் வீட்டுக்குள் இருக்கின்றன. நம் மேசை அங்கே 'மேசா', சப்பாத்து 'சபாத்தோ', பாண் 'பான்', குசினி 'கொசினா', அலுமாரி 'அர்மாரியோ', துவாய் 'தோவாயா.' கதிரையை மட்டும் நம்பக்கூடாது. அதன் உறவுச்சொல்லான 'கதேரா' ஸ்பானியத்தில் இடுப்பைக் குறிக்கும். உட்காரும் பொருளுக்கு அங்கே வேறு சொல்.

தமிழ் கைவிடும் இடங்களையும் சொல்லியாக வேண்டும். மேசை பெண்பால், புத்தகம் ஆண்பால் என்ற பாகுபாடு உயர்திணை, அஃறிணை என்று உலகைப் பிரித்த நமக்கு அடியோடு அந்நியமானது. இதில் ஆங்கிலமும் துணையில்லை. வேற்றுமை உருபுகளைச் சொல்லின் பின்னே ஒட்டும் பழக்கத்தை விட்டுவிட்டு முன்னிடைச்சொற்களை முன்னே வைக்கவும், வினையை வாக்கியத்தின் நடுவுக்குக் கொண்டுவரவும் பழகுவதற்கு ஆங்கிலம் ஓரளவு தெரிந்திருப்பது உண்மையிலேயே கைகொடுக்கும். இவற்றைவிடப் பெரிய ஆபத்து நம் எழுத்துமுறை. ஸ்பானியச் சொற்களைத் தமிழெழுத்தில் குறித்துவைக்கும் மாணவரின் கொப்பியில் முத்தமும் எடையும் ஒரேமாதிரி 'பேசோ' என்றே இருக்கும். இரண்டு என்ற எண்ணும் இருமலும் 'தோஸ்' என்றே இருக்கும். தொண்டை அதிர ஒலிக்கும் முதலெழுத்தையும் அதிராமல் ஒலிக்கும் முதலெழுத்தையும் நம் எழுத்து பிரித்துக் காட்டுவதில்லை. இந்தக் கட்டுரையும் அதே குறையோடுதான் உங்கள் முன் நிற்கிறது.

எஞ்சியது ஸ்பானியத்தாலேயே கற்பிக்கும் நேர்முறை. 1878இல் அமெரிக்காவின் றோட் ஐலண்ட் மாநிலத்தில் பேர்லிற்ஸ் என்ற மொழியாசிரியர் தொடங்கிய பள்ளியால் புகழ்பெற்ற இம்முறை, தாய்மொழியை வகுப்பறையின் வாசலிலேயே நிறுத்திவிடுகிறது. ஸ்பெயினில் அச்சாகும் பாடநூல்கள் பலவும் முதற்பக்கம் முதல் ஸ்பானியத்திலேயே பேசுகின்றன. ஸ்பானியத்தைப் பரப்ப ஸ்பெயின் அரசு 1991இல் நிறுவிய செர்வாந்தேஸ் நிறுவனம் நடத்தும் 'தெலே' என்ற மொழித்தேர்ச்சிப் பரீட்சையும், 2016இல் வந்த கணினிவழி 'சியேலே' பரீட்சையும் மாணவரிடம் ஸ்பானியத்தையே எதிர்பார்க்கின்றன. (சித்தி, தவறு என்று தீர்ப்பளிக்காமல் புள்ளி மட்டும் தருவது 'சியேலே', 11 முதல் 17 வயதினருக்கெனத் தனிப் பரீட்சை வைத்திருப்பது 'தெலே.' பாடசாலைக்கு இரண்டாவதே பொருந்தும்.) பன்னிரண்டு பேர் வட்டமாக அமரும் கல்லூரி மாலை வகுப்பில், சரளமாகப் பேசும் ஆசிரியர் கிடைத்தால், நேர்முறைக்கு ஈடில்லை. நாற்பது பிள்ளைகள் நெருக்கி அமர்ந்திருக்கும் வகுப்பில், ஒரு பாடவேளைக்குள், 'எஸ்தார்' என்பதைச் சைகையால் உணர்த்த முயலும் ஆசிரியரின் நிலை பரிதாபத்துக்குரியது. முன்வாங்கில் இருப்பவர்கள் ஊகித்துவிடுவார்கள். மற்றவர்கள் அவர்களைப் பார்த்து எழுதுவார்கள்.

என் தேர்வு வகுப்புக்கு வகுப்பு மாறும், ஆனால் நடுநிலை வகிப்பதாகச் சொல்லமாட்டேன். ஆறு முதல் ஒன்பதாம் வகுப்பு வரை இலக்கண விளக்கம் தமிழிலேயே நடக்க வேண்டும். ஆங்கில வழியை அங்கே புகுத்தினால் அது ஸ்பானிய வகுப்பாக இராது. யாருக்கு ஆங்கிலம் வரும் என்று பார்க்கும் இன்னொரு பரீட்சையாகிவிடும். 1847இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் கிறீன் முதலில் ஆங்கிலத்தில் மருத்துவம் கற்பித்து, 1860களில் தமிழுக்கு மாறினார். அவர் அதற்காகக் கலைச்சொற்களையே ஆக்க வேண்டியிருந்தது. ஸ்பானிய ஆசிரியருக்கு அந்தச் சுமை இல்லை. சில பக்கக் குறிப்புகளைத் தமிழில் எழுதினால் போதும். உயர்தரத்திலும் பல்கலைக்கழகத்திலும் ஆங்கிலத்தைச் சொற்சேகரிப்புக்கு மட்டும் அழைக்கலாம். வணக்கம், வருகைப் பதிவு, கட்டளை, கேள்வி ஆகியவை எந்த வகுப்பானாலும் முதல்நாள் தொடக்கம் ஸ்பானியத்தில் இருக்கட்டும்; பரீட்சைக்கு முந்திய தவணையில் விளக்கமும் ஸ்பானியத்துக்கு மாறட்டும்.

தமிழ் வழியைத் தெரிவுசெய்யும் ஆசிரியர் ஒரு விடயத்தில் கண்டிப்பாக இருக்க வேண்டும். கொப்பியில் ஸ்பானியச் சொல் ஒன்றுகூடத் தமிழெழுத்தில் இடம்பெறக்கூடாது. காதால் கேட்டு உரோமன் எழுத்தில் எழுத வேண்டும். முதல் வாரத்தில் ஆசிரியர் கரும்பலகைக்குத் திரும்பி நின்று 'தோஸ்' என்று அதிர்வோடு சொன்னால் வகுப்பு இரண்டு விரல்களை உயர்த்த வேண்டும். அதிர்வில்லாமல் சொன்னால் எல்லோரும் இரும வேண்டும்.