கிப்புட்ஸா, மொஷாவா?
இரண்டும் இன்றைய இஸ்ரேலில் யூதக் குடியேறிகள் அமைத்த விவசாய ஊர்கள்: கிப்புட்ஸில் எல்லாம் பொது, மொஷாவில் குடும்பத்துக்கொரு பண்ணை. கலிலேயக் கடலின் தென்முனையில் 1910-ல் 10 ஆண்களும் 2 பெண்களும் தொடங்கிய டெகானியாதான் முதல் கிப்புட்ஸ். அன்று அங்கே மாடு, சமையலறை, பணப்பெட்டி எல்லாம் பொது, தனிக்கூலி கிடையாது. ஒருவர் மலேரியாவில் படுத்தால் அவர் வேலையை மற்றவர்கள் பகிர்ந்துகொள்வார்கள். ஆனால் தனிவாழ்க்கை என்று பெரிதாக எதுவும் மிஞ்சாது.

அது ஒத்துவராமல் டெகானியாவிலிருந்து விலகிய சிலரும் சேர்ந்து 1921-ல் யெஸ்ரயேல் பள்ளத்தாக்கில் அமைத்தது நஹலால் மொஷாவ். குடும்பத்துக்கு ஏறத்தாழ 100 டூனம், அதாவது 25 ஏக்கர். அடுப்பும் தொழுவமும் அவரவருடையது. விதை வாங்குவதும் பால் விற்பதும் கூட்டுறவில். கூலியாள் வைக்கக் கூடாது என்பது அன்றைய விதி. வீட்டுக்காரர் காய்ச்சலில் விழுந்தால் மாடு கறக்க ஆளிருக்காது. பக்கத்து வீட்டார் வந்தாக வேண்டும் என்ற விதியும் அதனால்தான். கட்டடக்கலைஞர் ரிச்சர்ட் காஃப்மன் வரைந்த ஊர், வண்டிச்சக்கரம் மாதிரி: நடுவில் பொதுக்கட்டடங்கள், சுற்றி வீடுகள், கொல்லையிலிருந்தே விரியும் வயல்.

சதுப்பு நிலத்தை வடிக்கும் காலத்துக்கு, எல்லாரும் சேர்ந்து உழைக்கும் கிப்புட்ஸே தோது. மேல்வயல்காரர் வாய்க்காலைத் தூர்வாராவிட்டால் கீழ்வயலில் நீர் தேங்கும், கொசு பெருகும். நிலம் வடிந்து, கறவை நிலைத்த பிறகு, குடும்பஸ்தர்களுக்கு மொஷாவ்தான். இரண்டிலும் நிலம், யூதக் குடியேற்றத்துக்காக நிலம் வாங்கிய யூத தேசிய நிதியத்தின் குத்தகை. யாரும் விற்க முடியாது.