செங்கடல் பிரச்சினையில் மாட்டிய திருப்பூர்க்காரர்கள் பார்க்க வேண்டிய யேமன் படங்கள்

2023 கடைசியிலிருந்து திருப்பூர் பனியன் கம்பெனிகளில் அதிகம் அடிபட்ட பெயர் எந்தப் பையருடையதும் (நம்மிடம் துணி வாங்கும் வெளிநாட்டுக் கம்பெனி) இல்லை, செங்கடலில் கப்பல்களைத் தாக்கிய யேமன் ஆயுதக் குழுவான ஹூதி. தூத்துக்குடியில் ஏற்றிய கன்டெய்னர் செங்கடல் வழியாகப் போகாது, ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டுதான் ஐரோப்பா போகும் என்றார்கள். அதனால் ஷிப்மென்ட் இரண்டு வாரம்வரை தள்ளிப்போனது, கப்பல் வாடகையும் எகிறியது, இதில் தேதி தவறினால் பையர் டிஸ்கவுண்ட் கேட்பார், இல்லாவிட்டால் உங்கள் செலவில் விமானத்தில் அனுப்புங்கள் என்பார். காஜா பட்டன் அடித்துத் தரும் அண்ணன் ஒருவர், "ஏனுங்க, அந்த ஹூதிக்காரங்களுக்கும் நம்ம பனியனுக்கும் என்னங்க வழக்கு?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். டிவி விவாதங்களில் அதற்குப் பதில் கிடைக்காது.

எனக்கு உருப்படியாகக் கிடைத்தது ஃப்ரண்ட்லைன் யூடியூப் சேனல். இந்து குழுமத்தின் பத்திரிகை இல்லைங்க, இது அமெரிக்காவின் பிபிஎஸ் பொதுத் தொலைக்காட்சியில் 1983 முதல் வரும் ஆவணப்பட வரிசை. பார்க்கக் காசு கிடையாது. அங்கே ஸஃபா அல் அஹ்மத் எடுத்த யேமன் படங்களைத் தேடிப் பாருங்கள்.

இவர் சவுதிப் பெண். இந்தப் படங்களுக்கு முன்பே சவுதியின் கதீஃப் பகுதியில் ஷியா மக்கள் நடத்திய போராட்டத்தை ரகசியமாகப் படம்பிடித்திருந்தார், 2014இல் பிபிசியில் வந்தது. அப்புறம் 'தி ஃபைட் ஃபார் யேமன்', 2015 ஏப்ரல். 2014 செப்டம்பரில் ஹூதிகள் யேமன் தலைநகர் சனாவைப் பிடித்தார்கள், 2015 மார்ச் 26இல் சவுதி தலைமையிலான கூட்டணி குண்டு போட ஆரம்பித்தது. குண்டு போடும் நாட்டின் குடிமகள், குண்டு விழும் நாட்டின் கதையைச் சொல்கிறார். அதை வைத்து அவர் எங்கேயும் உருக்கம் காட்டவில்லை, எனக்குப் பிடித்ததே அதுதான். அரபி அவருக்குத் தாய்மொழி என்பதால் மொழிபெயர்ப்பாளரை எதிர்பார்த்து நிற்க வேண்டியதில்லை, எதிராளி மழுப்பினால் அங்கேயே அடுத்த கேள்வி விழுகிறது. வெளிநாட்டு நிருபர்கள் குண்டு துளைக்காத சட்டை போட்டுக்கொண்டு காமிராவைப் பார்த்துப் பேசுவார்களே, அந்த வகை இல்லை இது.

பார்த்து முடித்தால் ஹூதி என்பது திடீரென்று முளைத்த கடல் கொள்ளைக் கும்பல் இல்லை என்பது விளங்கும். வடக்கே சாதா மலைப்பகுதியில் வேர்விட்ட, ஷியாவில் ஒரு பிரிவான ஸைதிகளின் இயக்கம் அது. 2004 முதல் 2010 வரை அன்றைய யேமன் அதிபர் அலி அப்துல்லா ஸாலேயின் அரசோடு ஆறு சுற்றுப் போர், பிறகு அதே ஸாலேயோடு கூட்டு. 2017 டிசம்பரில் அவரைக் கொன்றதும் அதே ஹூதிகள்தான், ஆனால் அது இந்தப் படத்துக்குப் பிறகு நடந்த கதை. நம்ம ஊர்க் கூட்டணி அரசியல் பார்த்துப் பழகியவர்களுக்கே தலை சுற்றும்.

2016இல் வந்த 'யேமன் அண்டர் சீஜ்' இதைவிடக் கனமானது. ஹூதிகளின் முற்றுகையில் கிடந்த யேமனின் தாயிஸ் நகரம்தான் கதை. உள்ளே போக நல்ல வழி இல்லாததால் மருந்தும் ஆக்சிஜன் சிலிண்டரும் மலைப்பாதையில் கழுதை முதுகில் ஏறிய ஊர் அது. மேலே கூட்டணியின் விமானங்கள், சுற்றிலும் ஹூதிகள், நடுவில் சனங்கள். யார் பக்கம் நியாயம் என்று முன்கூட்டியே முடிவு செய்துவிட்டுப் பார்ப்பவர்களுக்கு இது எரிச்சலாகத்தான் இருக்கும்.

குறை இல்லாமல் இல்லை. 2015 படத்தில் ஒரு மணி நேரத்துக்குள் ஹூதி, அல்கய்தா, தெற்கத்திப் பிரிவினைக்காரர்கள் என்று எல்லாரையும் அடைக்கப் பார்த்ததில், ஸாலே பகுதியைத் தூக்கிப் போட்டுப் போகிறார்கள். ஒரு ஆயுதக் குழுவின் இடத்தில் அவர்கள் அனுமதியோடு எடுக்கும் படத்தில், எதைக் காட்ட விட்டார்கள், எதை விடவில்லை என்பதை இன்னும் வெளிப்படையாகச் சொல்லியிருக்கலாம். செங்கடல் தாக்குதல் பற்றி இதில் எதுவும் இருக்காது, எல்லாம் அதற்குப் பல வருடம் முன்பு எடுத்தவை. ஆங்கிலம் தட்டுத்தடுமாறினால் சப்டைட்டிலை நிறுத்தி நிறுத்திப் படிக்க வேண்டிவரும்.

என் மதிப்பெண் 5க்கு 4. ஏற்றுமதி, ஷிப்பிங் வேலையில் இருப்பவர்கள் முதலில் 2015 படத்தைப் பாருங்கள், கூடவே மேப்பில் செங்கடலின் தெற்கு வாசலான பாப் அல் மண்டெப் நீரிணை எங்கே இருக்கிறது என்று ஒரு பார்வை. தாயிஸ் படத்தைப் பிள்ளைகளை வைத்துக்கொண்டு போட வேண்டாம், ஆஸ்பத்திரிக் காட்சிகள் இருக்கின்றன.