மறுமோதல் என்று பழைய சண்டையைக் காட்டிப் பணம் பறித்தார்கள்

குத்துச்சண்டையில் ஹெவிவெயிட் மறுமோதல் ஒன்று, அதாவது மிக அதிக எடைப் பிரிவில் ஏற்கெனவே மோதிய இருவர் மீண்டும் மோதும் போட்டி, அறிவிக்கப்பட்டால் போதும், அதைப் பாதிக் கட்டணத்தில் நேரலையாகக் காட்டுவதாகச் சொல்லிக்கொண்டு சிலர் கிளம்பிவிடுகிறார்கள். அப்படிப்பட்ட ஒருவனிடம் ஒரே போட்டிக்காக இரண்டு முறை பணம் கொடுத்து ஏமாந்தேன். என்னை நம்பி நான்கு நண்பர்களும் கொடுத்தார்கள். அவர்கள் பணம் போனதுதான் எனக்கு இன்றுவரை ஆறவில்லை.

போட்டி, பிரிட்டனின் டில்லியன் வைட்டும் ரஷ்யாவின் அலெக்சாண்டர் பொவெட்கினும் மோதிய இரண்டாவது சண்டை. முதல் சண்டை 2020 ஆகஸ்ட் 22 அன்று இங்கிலாந்தின் பிரென்ட்வுட்டில் நடந்தது. கொரோனா காலம் என்பதால் போட்டி அமைப்பாளர்களின் அலுவலகத் தோட்டத்திலேயே ரிங் கட்டி, பார்வையாளர் இல்லாமல் நடத்தினார்கள். வைட், டபிள்யூ.பி.சி. (உலகக் குத்துச்சண்டை கவுன்சில்) உலகப் பட்டத்துக்கு மோதும் வாய்ப்புக்காக நீண்ட காலம் காத்துக்கிடந்தவர். நான்காம் சுற்றில் பொவெட்கினை இரண்டு முறை தரையில் வீழ்த்தினார். கதை முடிந்தது என்று எல்லோரும் நினைத்தபோது, ஐந்தாம் சுற்று தொடங்கி அரை நிமிடத்தில் பொவெட்கினின் இடது கை கீழிருந்து எழுந்தது. ஒரே அப்பர்கட். வைட் மல்லாந்து விழுந்தார். அதுவரை அவர் கையில் இருந்த இடைக்காலப் பட்டமும், உலகப் பட்டத்துக்கு மோதும் வரிசையில் இருந்த இடமும் அந்த ஒரு குத்தில் போயின.

முழுச் சண்டையையும் நான் அப்போது பார்க்கவில்லை. அந்தக் கடைசிக் குத்தை மட்டும் கைபேசியில் எத்தனையோ முறை பார்த்திருந்தேன். இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது.

மறுமோதல் 2020 நவம்பர் 21 அன்று நடப்பதாக இருந்தது. ரசிகர் குழு ஒன்றில் அறிமுகமானவன் ஒருவன் எனக்கு நேரலை இணைப்பு தருவதாகச் சொன்னான். அதற்கு முன் சிறிய போட்டி ஒன்றை இலவசமாகக் காட்டியிருந்தான். அதில் குறை எதுவும் இல்லை. நம்பிக்கையைச் சம்பாதிக்கத்தான் அந்த இலவசம் என்பது எனக்கு அப்போது தெரியவில்லை. நண்பர்களிடமும் வாங்கி ஐந்து பேருக்கான தொகையை அவன் சொன்ன வங்கிக் கணக்குக்கு நேரடியாக அனுப்பினேன். கார்டு மூலம் செலுத்த வழி இல்லையா என்று கேட்டதற்கு, அதற்குத் தனிக் கட்டணம் ஆகும் என்றான்.

பொவெட்கினுக்குக் கொரோனா வந்தது. போட்டி அடுத்த ஆண்டுக்குத் தள்ளிப்போய், மார்ச் 6 என்றாகி, கடைசியில் 2021 மார்ச் 27, ஸ்பெயினை ஒட்டியுள்ள பிரிட்டிஷ் பகுதியான ஜிப்ரால்டர் என்று முடிவானது. ஒவ்வொரு முறை தள்ளிப்போனபோதும் பணத்தைத் திருப்பிக் கேட்டேன். "உங்கள் பணம் பத்திரமாக இருக்கிறது சார், புதிய தேதிக்கு அப்படியே மாற்றிவிட்டேன்" என்று ஒவ்வொரு முறையும் பணிவாகவே பதில் வந்தது. இடம் ஜிப்ரால்டருக்கு மாறியதும், ஒளிபரப்பு உரிமத்துக்குக் கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கிறது என்று இன்னொரு தொகை கேட்டான். கொடுத்தேன். போட்டி நடக்கும் ஊர் மாறியதற்காக, ஏற்கெனவே பணம் கட்டிய பார்வையாளரிடம் எந்த முறையான ஒளிபரப்பு நிறுவனமும் மீண்டும் கை நீட்டாது. அந்த இடத்திலேயே நான் நின்றிருக்க வேண்டும்.

போட்டி நாளன்று, தான் தரும் செயலி ஒன்றை நிறுவச் சொன்னான். அது என் குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்டது. வங்கியின் ஒருமுறைக் கடவுச்சொல் வருவதே குறுஞ்செய்தியில்தானே! அதை மட்டும் உறுதியாக மறுத்துவிட்டேன். உடனே உலாவியில் திறக்கும் இணைப்பு ஒன்றை அனுப்பினான்.

படம் இரண்டாம் சுற்றிலிருந்து தொடங்கியது. தொழில்நுட்பக் கோளாறு, மன்னிக்கவும் என்று கீழே ஒரு வரி ஓடியது. காட்சி மிக நெருக்கமாக வெட்டப்பட்டிருந்தது. கயிறுகளுக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. ரிங்கில் இருந்த எழுத்துகள் எல்லாம் மங்கலாக்கப்பட்டிருந்தன. பக்கத்தில் பார்வையாளர் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போனது.

என் அண்ணன் சிறுவயதில் குத்துச்சண்டை பழகியவர். மூன்றாம் சுற்றில் திரைக்கு அருகே குனிந்து பார்த்துவிட்டு, "தம்பி, இவர்கள் இருவரும் வலது கை ஆட்டக்காரர்கள்தானே? ஏன் வலது காலை முன்னால் வைத்து நிற்கிறார்கள்?" என்று கேட்டார். படம் தெளிவாக இல்லை, அப்படித் தெரிகிறது அண்ணா, பேசாமல் பாருங்கள் என்று சொல்லிவிட்டேன். அவரை அப்படி அடக்கியதை நினைத்தால் இப்போதும் வருத்தமாக இருக்கிறது. அவர் கண்டதுதான் உண்மை. கண்ணாடியில் பார்ப்பதுபோல் படத்தை இடம் வலமாகத் திருப்பியிருந்தார்கள். திருட்டுக் காட்சிகளைத் தேடிப் பிடிக்கும் தானியங்கி முறைகளிடமிருந்து தப்பிக்கச் செய்யும் வேலை அது. வலது கை ஆட்டக்காரர்கள் வழக்கமாக இடது காலை முன்னால் வைத்து நிற்பார்கள்; ஜாப் எனும் நேர்க்குத்தை இடது கையால் விடுவார்கள். திருப்பிய படத்தில் அந்த ஜாப் வலது கையிலிருந்து வரும். இடது கைக் குத்து வலது கைக் குத்தாகத் தெரியும்.

நான்காம் சுற்றில் பொவெட்கின் விழுந்தார், எழுந்தார், மீண்டும் விழுந்தார், மீண்டும் எழுந்தார். நாங்கள் நாற்காலியை விட்டு எழுந்து கத்தினோம். ஐந்தாம் சுற்றில் கீழிருந்து ஒரு வலது கை எழுந்தது. வைட் மல்லாந்து விழுந்தார்.

வைட் மறுபடியும் விழுந்துவிட்டார் என்று நண்பர் ஒருவருக்குச் செய்தி அனுப்பினேன். அவர் முழுக் கட்டணம் கட்டி முறையாகப் பார்த்துக்கொண்டிருந்தவர். "என்ன சொல்கிறாய்? இன்னும் முன்னோட்டப் போட்டிகளே முடியவில்லை, அவர்கள் இருவரும் ரிங்குக்கே வரவில்லை" என்று பதில் வந்தது. அதைப் படித்த பிறகுதான், கைபேசியில் அத்தனை முறை பார்த்த அதே குத்து இது என்று எனக்கு உறைத்தது. ஏழு மாதத்துக்கு முந்தைய தோட்டத்துச் சண்டையைத் திருப்பிப் போட்டுக் காட்டியிருக்கிறான்.

மறுமோதலுக்கு மட்டும் இந்த மோசடி இவ்வளவு கச்சிதமாகப் பொருந்துவது இதனால்தான். அதே இரண்டு முகங்கள், அதே உடல்கள் மோதிய முழுநீளப் பதிவு ஏமாற்றுபவன் கையில் ஏற்கெனவே இருக்கிறது. முதல் முறை மோதுபவர்களை வைத்து இதைச் செய்யவே முடியாது. போதாக்குறைக்கு இந்த இரண்டு சண்டைகளிலும் நிரம்பி வழியும் அரங்கம் கிடையாது. கூட்டத்தைப் பார்த்துக்கூடக் கண்டுபிடிக்க வழியில்லை.

அவசரமாக முறையான ஒளிபரப்புக்கு முழுக் கட்டணம் கட்டினோம். எந்த நாட்டில் யாரிடம் உரிமை இருக்கிறது என்பதைப் போட்டி அமைப்பாளர்களே தங்கள் பக்கத்தில் வெளியிடுகிறார்கள். பிரிட்டனில் அந்தப் போட்டி ஸ்கை ஸ்போர்ட்ஸ் பாக்ஸ் ஆபீஸ் என்ற கட்டணச் சேனலில் வந்தது, வேறு பல நாடுகளில் டாசோன் என்ற இணைய ஒளிபரப்பில். இதைத் தேடிப் பார்க்க எனக்கு இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. நவம்பரிலேயே அந்த இரண்டு நிமிடத்தைச் செலவழித்திருக்கலாம்.

உண்மையான சண்டை வேறு விதமாக இருந்தது. 41 வயது பொவெட்கினின் கால்கள் முதல் சுற்றிலிருந்தே தள்ளாடின. நோயிலிருந்து எழுந்தவர் என்பது பார்க்கும்போதே தெரிந்தது. வைட் அவசரப்படவில்லை. நான்காம் சுற்றில் பொவெட்கின் விழுந்தார், சண்டை அங்கேயே நிறுத்தப்பட்டது. இம்முறை இருவரும் இடது காலை முன்னால் வைத்து நிற்கிறார்கள் என்பதை அண்ணன் முதல் மணி அடித்ததுமே சொல்லிவிட்டார்.

மறுநாள் வங்கியில் புகார் கொடுத்தேன். நானே விரும்பி அனுப்பிய தொகை என்பதால் திரும்பப் பெறுவது கடினம் என்றார்கள். கார்டில் கட்டியிருந்தால் மறுப்புத் தெரிவிக்க ஒரு வழி இருந்திருக்கும். இணையக் குற்றப் பிரிவிலும் எழுதிக் கொடுத்தேன். அவன் அனுப்பிய செய்திகள், கணக்கு எண், அந்தப் பக்கத்தின் படங்கள் எல்லாவற்றையும் அழிக்காமல் வைத்திருந்தது அங்கே உதவியது. பணம் வரவில்லை. நண்பர்கள் நால்வருக்கும் என் கையிலிருந்து கொடுத்தேன்; இருவர் வாங்க மறுத்தார்கள்.

அந்தக் குழு என்னை நீக்கிவிட்டது. வேறொரு நண்பரின் கைபேசியில் சில வாரம் கழித்துப் பார்த்தேன். பெயர் மாறியிருந்தது, அறிவிப்பின் வாசகம் ஒரு சொல்கூட மாறவில்லை. மேலே ஒட்டியிருந்த படத்தில் வேறு இரண்டு வீரர்கள், அவர்களும் ஏற்கெனவே ஒருமுறை மோதியவர்கள்.